கால் லிட்டர் தண்ணீர்: கத்தானியாவிலிருந்து சிரக்கூசாவுக்கும் நோட்டோவுக்கும் ஒரு நாள்

ஜூன் 19, 2024, புதன்கிழமை – கத்தானியா

விமானத்தைவிட்டு இறங்கியதும் முகத்தில் அடித்த காற்றைத் திருநெல்வேலிக்காரர்களான நாங்கள் இருவரும் உடனே அடையாளம் கண்டுகொண்டோம். ஆப்பிரிக்கப் பாலைவனத்தில் கிளம்பிக் கடலைத் தாண்டி வரும் அனல்காற்றுக்கு இங்கே சிரோக்கோ என்று பெயர். ரோமில் எனக்கிருந்த ஒரு வாரப் பயிற்சி முடிந்ததும், உடன் வந்த அம்மாவை அழைத்துக்கொண்டு இத்தாலியின் தெற்குத் தீவான சிசிலிக்கு வந்திருக்கிறேன். அம்மாவுக்கு வயது அறுபத்தாறு. சைவ உணவுதான் சாப்பிடுவார். வெயிலுக்குப் பழகியவர் என்ற நம்பிக்கையில்தான் ஜூன் மாதத்தில் இங்கே அழைத்துவரத் துணிந்தேன்.

விடுதிக் குளியலறையின் கதவில் தண்ணீரைச் சிக்கனமாகப் பயன்படுத்தச் சொல்லி ஓர் அட்டை தொங்கியது. மழை பொய்த்துப்போனதால் மே மாதத்திலேயே இத்தாலிய அரசு சிசிலிக்கு வறட்சி அவசரநிலையை அறிவித்துவிட்டது என்றும், உள்நாட்டு ஊர்கள் சிலவற்றில் முறை வைத்துத்தான் தண்ணீர் விடுகிறார்கள் என்றும் வரவேற்பில் இருந்த பெண் சொன்னார். நான் மொழிபெயர்த்துச் சொன்னதும் அம்மா, "இங்கயும் முறைத் தண்ணிதானா?" என்று கேட்டுவிட்டு, வாளியில் பாதி மட்டும் பிடித்துக் குளித்துவிட்டு வந்தார்.

மாலையில் கதீட்ரல் சதுக்கம் வரை நடந்தோம். எத்னா எரிமலையின் கருங்குழம்புக் கல்லால் கட்டப்பட்ட ஊர் இது. சுவர், தரை எல்லாம் கறுத்துக் கிடக்கின்றன. சதுக்கத்தின் நடுவே அதே கல்லில் செதுக்கிய யானை ஒன்று முதுகில் எகிப்தியக் கல்தூணைச் சுமந்து நிற்கிறது. அம்மா அதைச் சுற்றி வந்து பார்த்தார்.

கத்தானியாவின் தெருமுனைகளில் கியோஸ்க் எனப்படும் சிறிய பானக் கடைகள் இருக்கின்றன. அங்கே கேட்க வேண்டியது 'செல்ட்ஸ் லிமோனே எ சாலே'. எலுமிச்சம்பழத்தைக் கண்ணெதிரே பிழிந்து, ஒரு கரண்டி உப்புப் போட்டு, சோடாவை வேகமாகப் பீய்ச்சி, நுரை வழிய வழியக் கையில் கொடுத்துவிடுகிறார்கள். நின்றபடியே குடித்துவிட வேண்டும். விலை இரண்டு யூரோ, அன்றைய மதிப்பில் ஏறத்தாழ 180 ரூபாய். ஒரு வாய் குடித்ததும் அம்மா நிமிர்ந்து பார்த்து, "ஏட்டி, இது நம்ம உப்புப் போட்ட எலுமிச்ச சோடால்லா!" என்றார். ரோமில் ஒரு வாரமாக எதைக் கொடுத்தாலும் தயங்கிக்கொண்டிருந்தவர் முதன்முறையாக முழுவதையும் குடித்தார்.

இரவு உணவு 'பாஸ்தா அல்லா நோர்மா'. இந்த ஊரில் பிறந்த இசையமைப்பாளர் பெல்லினியின் 'நோர்மா' இசைநாடகத்தின் பெயரைத் தாங்கிய உணவு. பொரித்த கத்தரிக்காய், தக்காளி, துளசி, மேலே உப்பிட்டு உலர்த்திய ரிக்கோட்டா பாலாடைக்கட்டியின் துருவல். கத்தரிக்காயை எண்ணெயில் இத்தனை பதமாக வதக்கத் தெரிந்தவர்களை அம்மாவுக்குப் பிடித்துப்போனது. பில்லில் 'கோப்பெர்த்தோ' என்று ஆளுக்கு இரண்டரை யூரோ சேர்ந்திருந்தது. மேசைக்கும் ரொட்டிக்குமான கட்டணம், இங்கே எல்லோரும் கொடுப்பதுதான்.

ஜூன் 20, வியாழக்கிழமை – சிரக்கூசா, நோட்டோ

நாளின் தொடக்கமே சரியாக இல்லை. ஆளுக்கு 75 யூரோ கொடுத்துப் பதிவு செய்திருந்த சுற்றுலா வண்டி ஏழரைக்கு விடுதிக்கு அருகிலுள்ள சதுக்கத்துக்கு வரும் என்று சொல்லியிருந்தார்கள். ஏழு மணிக்குக் கைபேசியில் வந்த செய்தி, துறைமுக வாயிலுக்கு வந்துவிடுமாறு கூறியது. டாக்சிக்குப் பதினைந்து யூரோ. அந்த ஓட்டத்தில் தண்ணீர்ப் புட்டியை அறையிலேயே விட்டுவிட்டேன். வண்டியில் குடிநீர் தரப்படும் என்று பதிவுச் சீட்டில் எழுதியிருந்ததால் நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. வண்டியில் தண்ணீர் இல்லை.

பயணிகள் பதினான்கு பேர். வழிகாட்டியாக வந்தவர் சிரக்கூசாவிலேயே பிறந்து வளர்ந்த, அறுபது வயது மதிக்கத்தக்க பெண்மணி. பள்ளியில் கிரேக்கமும் லத்தீனும் கற்பித்து ஓய்வு பெற்றவர். நிறுவனத்தின் மீது எனக்கு எத்தனை வருத்தம் இருந்தாலும் இவரைப் பற்றி நன்றியோடுதான் எழுத வேண்டும். தெற்கே ஒரு மணி நேரப் பயணம். அகுஸ்தா வளைகுடாவை ஒட்டி எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலைகளின் புகைபோக்கிகள் நெடுந்தூரத்துக்கு வரிசையாக நின்றன; அவற்றுக்கு அப்பால் கடல் நீலமாக, அசையாமல் கிடந்தது. சிரக்கூசாவுக்குப் பக்கத்து ஊரான ஃப்ளோரிதியாவில் 2021 ஆகஸ்ட் 11 அன்று பதிவான 48.8 டிகிரிதான் ஐரோப்பாவிலேயே மிக உயர்ந்த வெப்பநிலை என்று வழிகாட்டி சொன்னார். அன்று எங்கள் வண்டியின் வெப்பமானி காலை ஒன்பது மணிக்கே 33 காட்டியது.

முதலில் நெயாப்போலிஸ் தொல்லியல் பூங்கா. நுழைவுச்சீட்டு தனி என்பது வாசலில்தான் தெரிந்தது. சுண்ணாம்புப் பாறைக் குன்றையே குடைந்து படிகளாக்கிய கிரேக்க அரங்கம் உள்ளே இருக்கிறது. படிகளின் மேல் மரப்பலகைகள் பொருத்தப்பட்டிருந்ததைப் பார்த்து முதலில் ஏமாற்றமாக இருந்தது. பழங்கல்லைப் பார்க்க வந்த இடத்தில் பலகையா என்று தோன்றியது. மாலைகளில் இங்கே இன்றும் கிரேக்க நாடகங்கள் நடக்கின்றன என்பதும், 1914-இல் பண்டைக் கிரேக்க நாடகாசிரியர் ஈஸ்கிலஸின் 'அகமெம்னோன்' நாடகத்தோடு தொடங்கிய வழக்கம் அது என்பதும், கல் தேயாதிருக்கவே பலகை என்பதும் தெரிந்தபோது அந்த ஏமாற்றம் போய்விட்டது. அந்த ஈஸ்கிலஸே இந்த ஊருக்கு வந்து நாடகம் நடத்தியிருக்கிறார். இருபத்துநான்கு நூற்றாண்டுகளுக்குப் பிறகும் அதே இடத்தில் அவருடைய சொற்களைக் கேட்க மக்கள் வந்து உட்காருகிறார்கள்.

அரங்கின் உச்சியில், பாறையைக் குடைந்த ஒரு குகைக்குள் தண்ணீர் விழுந்துகொண்டிருக்கிறது. தொலைவிலுள்ள மலையிலிருந்து பாறைக்குள்ளேயே வெட்டிக் கொண்டுவரப்பட்ட பழைய கால்வாயின் நீர் அது. அம்மா அதன் முன்னே நின்று குளிர்ச்சியை முகத்தில் வாங்கிக்கொண்டார். அங்கேதான் வழிகாட்டி ஏதென்ஸ் படையெடுப்பின் கதையைத் தொடங்கினார். கி.மு. 414-இல் சிரக்கூசாவை முற்றுகையிட்ட ஏதென்ஸ் படையினர் முதலில் செய்த வேலைகளில் ஒன்று, நகருக்குள் குடிநீரைக் கொண்டுசென்ற நிலத்தடிக் குழாய்களைத் தேடிப்பிடித்து உடைத்தது. இதைச் சொல்லிவிட்டு, "மீதியைக் கீழே சொல்கிறேன்" என்று கல்குவாரிக்குள் அழைத்துப் போனார்.

லத்தோமியே என்று அழைக்கப்படும் அந்தக் குவாரிகளில் வெட்டிய கல்லைக் கொண்டுதான் பழைய நகரம் எழுந்தது. இன்று அங்கே எலுமிச்சை, ஆரஞ்சு மரங்களின் நிழல். ஒரு மூலையில், பழைய சிரக்கூசாவை ஆண்ட சர்வாதிகாரியின் பெயரைத் தாங்கிய 'டயோனீசியஸின் காது'. 23 மீட்டர் உயரமும் 65 மீட்டர் ஆழமும் கொண்டு, காதின் துளைபோல வளைந்து உள்ளே செல்லும் குகை. 1608-இல் இங்கே வந்த ஓவியர் காரவாஜ்ஜோ வைத்த பெயர் அது என்கிறார்கள். எங்களோடு வந்த டச்சுப் பெரியவர் ஒருவர் உள்ளே நின்று மெல்லிய குரலில் இரண்டு வரி பாடினார். அந்தக் குரல் சுவரெல்லாம் பரவி, வேறு யாரோ பாடுவதுபோலப் பெருகித் திரும்பி வந்தது.

வெளியே நிழலில் எங்களை உட்காரவைத்து வழிகாட்டி மீதியைச் சொன்னார். மறு ஆண்டு, கி.மு. 413-இல் ஏதென்ஸ் தோற்றது. சிறைப்பட்ட ஏழாயிரம் பேரைச் சிரக்கூசர்கள் இந்த ஊரின் குவாரிகளில் அடைத்தார்கள். பகலில் கூரையில்லாத வெயில், இலையுதிர்கால இரவுகளில் குளிர், இறந்தவர்களின் உடல்கள் அங்கேயே குவிந்து கிடந்தன. எட்டு மாதங்களுக்கு ஒருவருக்கு ஒரு நாளைக்குக் கொடுத்த தண்ணீர் ஒரு 'கொத்தீலே' என்று வரலாற்றாசிரியர் துசிடிடீஸ் எழுதிவைத்திருக்கிறார். தம் பையிலிருந்து ஒரு சிறிய கண்ணாடிக் குவளையை எடுத்து வழிகாட்டி எங்களுக்குக் காட்டினார். கால் லிட்டரைவிடச் சற்று அதிகம், அவ்வளவுதான். நம் வீட்டு டம்ளரில் ஒன்றேகால் வரும். அந்தக் குவளையை ஒவ்வொருவராகக் கையில் வாங்கிப் பார்த்தோம். தாகத்தோடு இருந்ததாலோ என்னவோ, அன்று பார்த்த எத்தனையோ பெரிய கட்டடங்களைவிட அந்தக் குவளைதான் என் மனத்தில் நிற்கிறது.

பூங்கா வாசலில் அரை லிட்டர் புட்டி இரண்டு யூரோ. நான்கு வாங்கினேன்.

பதினொன்றரைக்கு ஒர்த்தீஜியா. நிலத்தோடு பாலங்களால் இணைந்த சிறு தீவு, கி.மு. எட்டாம் நூற்றாண்டில் கொரிந்து நகரிலிருந்து வந்த கிரேக்கர்கள் முதலில் குடியேறிய இடம். இங்குள்ள கதீட்ரலைப் பற்றி முன்பே படித்திருந்தேன். ஆனாலும் நேரில் பார்த்தபோது நின்றுவிட்டேன். கி.மு. ஐந்தாம் நூற்றாண்டில் அதீனா தேவிக்குக் கட்டிய கோயிலின் தூண்களுக்கு இடையில் சுவரை எழுப்பி அதையே தேவாலயமாக்கியிருக்கிறார்கள். 878-இல் அரபியர் ஊரைப் பிடித்த பிறகு அது மசூதியாக இருந்தது. பின்பு மீண்டும் தேவாலயம். 1693 நிலநடுக்கத்தில் முகப்பு விழுந்தது. இன்றிருக்கும் முகப்பு பதினெட்டாம் நூற்றாண்டில் கட்டியது. பக்கத்துத் தெருவில் நின்று பார்த்தால் அந்தப் பருத்த தூண்கள் சுவரிலிருந்து பாதி உடம்போடு வெளியே துருத்திக்கொண்டிருக்கின்றன. கோடுகள் மழுங்கி, விரல் வைக்கும் உயரத்தில் கல் மெழுகுபோல வழுவழுத்துக் கிடக்கிறது. அம்மா உள்ளே நுழையுமுன் செருப்பைக் கழற்றப் போனார்; வேண்டாம் என்றேன். ஒரு தூணில் உள்ளங்கையை வைத்துக் கண்மூடி நின்றுவிட்டு வந்தார்.

மதிய உணவுக்குச் சந்தைத் தெருவில் 'பானே குன்ஸாத்து' வாங்கினோம்: சூடான ரொட்டியைப் பிளந்து, ஆலிவ் எண்ணெய், தக்காளி, ஒரேகானோ, பாலாடைக்கட்டி வைத்துத் தருவது. ஒன்று ஆறு யூரோ. மீனும் இறைச்சியும் வேண்டாம் என்று தெளிவாகச் சொல்லியிருந்தும் பிரித்துப் பார்த்தபோது நெத்திலி கண்ணில் பட்டது. திருப்பிக் கொண்டுபோனேன். கடைக்காரர் ஒரு வார்த்தையும் மறுத்துப் பேசவில்லை. கையைக் கழுவி, வேறு கத்தியும் வேறு பலகையும் எடுத்து, புதிதாகச் செய்து அம்மாவிடம் இரு கைகளாலும் நீட்டினார். கூடுதலாகக் காசும் வாங்கவில்லை. வேறு கத்தி எடுக்கச் சொல்லி நான் கேட்கவில்லை, அவராகவே எடுத்தார்.

அதன்பின் அரெத்தூசா ஊற்று. கடலிலிருந்து சில அடி தூரத்தில் நன்னீர் ஊறும் குளம். 1798-இல் நெப்போலியனின் கடற்படையைத் தேடிச் சென்ற ஆங்கிலேயக் கடற்படைத் தளபதி நெல்சனின் கப்பல்கள் தண்ணீர் பிடித்துக்கொண்டதும் இந்தச் சிரக்கூசாவில்தான். குளத்தின் நடுவே ஆளுயரத்துக்கு மேல், உச்சியில் விசிறிபோல விரிந்த தலையோடு, பண்டைய எகிப்தில் எழுதும் தாள் செய்யப் பயன்பட்ட பப்பைரஸ் புதர் அடர்ந்து நின்றது. அம்மாவின் பிறந்த ஊர் பத்தமடைக்குப் பக்கத்தில். கைப்பிடிச் சுவரில் சாய்ந்து சிறிது நேரம் பார்த்துவிட்டு, "இது கோரைல்லா!" என்றார். தாவரக் குடும்பம் அதுதான். அருகிலிருந்த கடையில் ஒரு தண்டைக் கேட்டு வாங்கிப் பார்த்தபோது கோரையைப் போலவே மூன்று பட்டையாக இருந்தது. கடைக்காரப் பெண் பச்சைத் தோலை உரித்து, உள்ளிருக்கும் வெண்ணிறச் சோற்றை நாடா நாடாவாகச் சீவி, நெடுக்கில் ஒரு வரிசை, அதன்மேல் குறுக்கில் ஒரு வரிசை என்று பரப்பி, துணிகளுக்கு இடையில் வைத்து அழுத்தத்தில் போட்டார். அதன் சாறே அதை ஒட்டிவிடுமாம், பசை கிடையாது. பத்தமடையில் கோரையை ஆற்றுத் தண்ணீரில் ஊறப்போட்டு, காயவைத்து, நூலைப்போலக் கிழித்துப் பாய் நெய்யும் விதத்தை அம்மா விரல்களாலேயே நடித்துக் காட்டினார். மொழி இல்லாமலே இருவரும் பத்து நிமிடம் பேசிக்கொண்டிருந்தார்கள். உள்ளங்கை அகலத்தில் ஒரு தாள் பன்னிரண்டு யூரோ; அம்மா பேரம் பேசாமல் வாங்கியதை நான் பார்த்தது இதுவே முதல் தடவை.

ஒன்றரைக்கு நோட்டோவை நோக்கிக் கிளம்பினோம். இந்தச் சாலையில்தான் கதையின் முடிவு இருந்தது. தோற்ற ஏதென்ஸ் படை, சிறைப்படுவதற்கு முன் தப்பி ஓடிய வழி இது. முதலில் உள்நாட்டுக்குள் செல்ல முயன்று முடியாமல், பின்பு தெற்கு நோக்கித் திரும்பிய பல்லாயிரம் பேர் நாள்கணக்கில் நடந்திருக்கிறார்கள்; நாங்கள் குளிரூட்டிய வண்டியில் அரை மணி நேரத்துக்குச் சற்று மேல் எடுத்துக்கொண்டோம். நோட்டோவின் சரிவுக்குக் கீழே ஓடும் அசினாரோ ஆற்றங்கரைக்கு வந்து சேர்ந்தபோது தாகம் தாங்காமல் எல்லோரும் ஒரே நேரத்தில் ஆற்றில் இறங்கினார்கள். எதிரிகள் மேட்டிலிருந்து எறிந்த ஈட்டிகளுக்கு நடுவே, சேறும் இரத்தமும் கலந்த அந்தத் தண்ணீரையே ஒருவரோடொருவர் அடித்துக்கொண்டு குடித்தார்கள் என்று துசிடிடீஸ் எழுதுகிறார். முற்றுகையின்போது சிரக்கூசாவின் தண்ணீர்க் குழாய்களை உடைத்தவர்கள் இதே ஏதென்ஸ் படையினர். வண்டிக்குள் யாரும் பேசவில்லை. சன்னலுக்கு வெளியே பாதாம் தோப்புகளும் எலுமிச்சைத் தோட்டங்களும் தூசி படிந்து நின்றன.

நோட்டோ ஒரே வீச்சில் கட்டப்பட்ட ஊர். 1693 ஜனவரி 11 நிலநடுக்கத்தில் கிழக்குச் சிசிலியில் சுமார் அறுபதாயிரம் பேர் மாண்டார்கள். பழைய நோட்டோ தரைமட்டமானது. அந்த மலையை விட்டுவிட்டுச் சில கிலோமீட்டர் தள்ளி முழு நகரத்தையும் புதிதாக எழுப்பினார்கள். தேன்நிறச் சுண்ணாம்புக்கல்லில் அரண்மனைகள், மடங்கள், அகன்ற படிக்கட்டுகள். கதீட்ரலின் குவிமாடம் 1996 மார்ச்சில் ஓர் இரவு இடிந்து விழுந்தது. 1990-இல் நேர்ந்த இன்னொரு நிலநடுக்கம் அதன் தூண்களைப் பலவீனமாக்கியிருந்தது. வெளியே அழகான கல்லும் உள்ளே நிரப்பிய துண்டுக்கல்லுமாக இருந்த தூண்கள் அவை. 2007-இல்தான் மீண்டும் திறந்தார்கள்.

எங்களுக்குக் கொடுத்த நேரம் ஒரு மணி பதினைந்து நிமிடம். நிக்கோலாச்சி மாளிகையின் உப்பரிகைகளைத் தாங்கி நிற்கும் சிங்கங்களையும் குதிரைகளையும் அம்மாவுக்குக் காட்ட ஆசைப்பட்டு அந்தச் சரிவுத் தெருவில் ஏறினேன். பார்த்த பிறகு கீழே இறங்கியிருக்க வேண்டும். இன்னும் மேலே போனால் காட்சி நன்றாக இருக்கும் என்று நானே இழுத்துச் சென்றேன். பிற்பகல் மூன்று மணி. வெயில் கல்லில் பட்டு முகத்தில் எதிரடித்தது. கடைகள் மதியத்துக்குச் சாத்தியிருந்தன. தெருவில் எங்களைத் தவிர யாரும் இல்லை. வாங்கிய தண்ணீர் தீர்ந்திருந்தது. அம்மா ஒரு வாசற்படியில் கையை ஊன்றி உட்கார்ந்து, "கண்ணு இருட்டுதுட்டி" என்றார். முகம் வெளுத்து, கை சில்லிட்டிருந்தது. எனக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. பக்கத்துக் கதவைத் தட்டினேன்.

பச்சைச் சன்னல் பலகையைத் திறந்து ஒரு மூதாட்டி எட்டிப் பார்த்தார். "அக்வா" என்ற ஒரு சொல்லை மட்டும் சொன்னேன். அடுத்த நிமிடம் கதவு திறந்தது. அம்மாவைத் தாங்கிப் பிடித்து உள்ளே அழைத்துப்போய், கல்தரை குளிர்ந்த முன்கூடத்தில் ஒரு பிரம்பு நாற்காலியில் உட்காரவைத்தார். ஈரத்துணியைப் பிடரியில் வைத்தார். ஓர் எலுமிச்சம்பழத்தை நறுக்கித் தண்ணீரில் பிழிந்து, கல்லுப்பை விரல்களால் கிள்ளிப் போட்டுக் கலக்கி, குவளையைத் தாமே அம்மாவின் வாயருகில் பிடித்துக்கொண்டார். சிறிது சிறிதாகக் குடிக்கச் சொல்லி அவர் கையால் காட்டிய சாடை, நான் சிறுபிள்ளையாகக் காய்ச்சலில் கிடந்தபோது என் ஆச்சி காட்டிய அதே சாடை. மூலையில் ஐந்தாறு பிளாஸ்டிக் குடங்களில் தண்ணீர் பிடித்து மூடி வைத்திருந்ததை அப்போதுதான் கவனித்தேன். சேமித்து வைத்திருந்த அந்தத் தண்ணீரிலிருந்துதான் இரண்டாவது குவளையும் வந்தது.

இருபது நிமிடத்தில் அம்மாவின் முகத்தில் நிறம் திரும்பியது. நான் பையைத் திறந்து பணத்தை எடுத்தேன். மூதாட்டி தலையைப் பின்னால் சாய்த்து, நாக்கை அண்ணத்தில் தட்டி 'த்சு' என்று ஓர் ஒலி எழுப்பினார். கூடாது என்பதற்குச் சிசிலியில் இதுதான் வழக்கமாம். அம்மா எழுந்து அவருடைய இரு கைகளையும் பிடித்துக் கண்களில் ஒற்றிக்கொண்டார். அவர் அம்மாவின் கன்னத்தைத் தட்டிக் கொடுத்தார்.

வண்டிக்கு நாங்கள் வந்து சேர்ந்தபோது இருபத்தைந்து நிமிடம் தாமதம். ஓட்டுநர் கடிகாரத்தைக் காட்டினார். வழிகாட்டி அம்மாவின் முகத்தைப் பார்த்ததுமே அவரைத் தடுத்துவிட்டு, தம் முன்னிருக்கையைக் காலிசெய்து கொடுத்தார். டச்சுத் தம்பதியர் தங்களிடமிருந்த புட்டியை நீட்டினார்கள். தண்ணீர் தருவதாக எழுதிவிட்டுத் தராதது பிழை என்று நான் சொன்னதை வழிகாட்டி குறித்துக்கொண்டார். பயணிகளை இந்த மாதத்தில் அழைத்துவருபவர்கள் வேறு எதை மறந்தாலும் இதை மறக்கக் கூடாது. எட்டு மணிக்குக் கத்தானியா.

ஜூன் 21, வெள்ளிக்கிழமை – கத்தானியா

இன்று எங்கும் போகவில்லை. அம்மா பத்து மணி வரை தூங்கினார். மருந்துக்கடையில் உப்பு-சர்க்கரைக் கரைசல் பொட்டலம் வாங்கி வந்தேன். அங்கிருந்தவர் அம்மாவின் வயதைக் கேட்டு, மாலை ஆறு மணிக்கு முன் வெளியே அழைத்துப்போக வேண்டாம் என்று கண்டிப்பாகச் சொன்னார்.

ஆறரைக்குக் கதீட்ரல் சதுக்கத்துக்கு மெதுவாக நடந்தோம். மீன்சந்தைக்கு இறங்கும் இடத்தில் வெண்சலவைக்கல்லில் ஒரு நீரூற்று இருக்கிறது. முதல் நாள் யானையைப் பார்த்த அவசரத்தில் அதைத் தவறவிட்டிருந்தோம். அமெனானோ என்ற ஆறு இந்த ஊர் வழியாக ஓடியது. 1669-இல் எத்னாவின் குழம்பு வந்து மூடிய பிறகு அது நிலத்துக்கடியில் போய்விட்டது. அந்த ஆறு வெளியே தலைகாட்டும் இடத்தில் 1867-இல் இந்த ஊற்றை அமைத்தார்கள். மேல்தொட்டியின் விளிம்பிலிருந்து தண்ணீர் பிசிறில்லாமல் ஒரே தகடாக விழுகிறது. ஊர்மக்கள் இதை 'அக்வா அ லின்சோலு' என்கிறார்கள். விரித்த படுக்கைத் துணியைப் போன்ற தண்ணீர் என்று பொருள்.

அம்மா ஊற்றின் கம்பியோரமாக உட்கார்ந்துகொண்டார். நான் கியோஸ்க்கிலிருந்து இரண்டு எலுமிச்சை சோடா வாங்கி வந்தேன், அம்மாவுடையதில் உப்பு ஒரு கரண்டி கூடுதலாக. அவர் அதை உடனே குடிக்கவில்லை. குவளையை மடியில் வைத்துக்கொண்டு, கறுத்த கல்லுக்கடியிலிருந்து வந்து விழுந்துகொண்டிருந்த அந்தத் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தார். "அந்த ஆச்சி வீட்டுக் குடத்துல இன்னைக்குத் தண்ணி வந்திருக்குமாட்டி?" என்று கேட்டார்.